டெண்டரில் தள்ளப்பட்ட பிறகு வரும் முதல் பத்து நாள்

கேள்வி: பர்கூர் பக்கம் இருந்து சாலை, வடிகால் வேலைகள் எடுத்துச் செய்கிறேன். பக்கத்து நகராட்சி ஒன்று, சிமென்ட் கான்கிரீட் வடிகாலுக்கும் அதையொட்டிய தார்ச் சாலைக்கும் சேர்த்து 1 கோடியே 62 லட்சம் ரூபாய் மதிப்பீட்டில் இரண்டு கவர் முறையில் (முதல் கவரில் தகுதிக்கான தொழில்நுட்ப ஆவணங்கள், இரண்டாவதில் விலை) இ-டெண்டர் விட்டது. அறிவிப்பிலிருந்து கடைசி நாள் வரை 11 நாள்தான் கொடுத்தார்கள். நாலு பேர் போட்டோம். 3-ஆம் தேதி இணையதளத்தில் என் பெயருக்கு எதிரே ‘தகுதி பெறவில்லை, ஆவணங்கள் திருப்தியாக இல்லை’ என்று ஒரு வரி வந்தது. ஆபீசில் விசாரித்ததில், முன் அனுபவச் சான்றில் செயற்பொறியாளர் கையெழுத்து இல்லை, உதவி செயற்பொறியாளர்தான் போட்டிருக்கிறார் என்று வாய்மொழியாகச் சொன்னார்கள். ஊராட்சி ஒன்றிய வேலைக்கு வாங்கிய சான்று அது. இன்னொருவரையும் தள்ளிவிட்டு, 6-ஆம் தேதி மீதி இரண்டு பேரின் விலைக் கவரைத் திறந்தார்கள். எல் 1 ஆக, அதாவது திறந்த கவர்களில் குறைந்த விலைக்காரராக, வந்தவர் மதிப்பீட்டைவிட 4.8 சதவீதம் கூடுதல். நான் 6 சதவீதம் குறைத்துப் போட்டிருந்தேன். அவர் வைத்த சான்றிலும் உதவி செயற்பொறியாளர் கையெழுத்துதான் என்று கேள்விப்படுகிறேன். வேலை உத்தரவு இன்னும் தரவில்லை. நேரே ஐகோர்ட்டில் ஸ்டே வாங்கச் சொல்கிறார் ஒரு நண்பர். கிருஷ்ணகிரி கோர்ட்டிலேயே தடை வாங்கலாம் என்கிறார் இன்னொருவர். வழக்குப் போட்டால் பிளாக்லிஸ்ட் செய்துவிடுவார்கள் என்று வீட்டில் பயப்படுகிறார்கள். இன்று தேதி 8. என்ன செய்யலாம்?

பதில்:

ஐயா, முதலில் தேதியைப் பாருங்கள். தமிழ்நாடு ஒப்பந்தப்புள்ளி வெளிப்படைத்தன்மைச் சட்டம், 1998-இன் 11-ஆம் பிரிவு, டெண்டர் ஏற்பு அதிகாரியின் ஆணையால் பாதிக்கப்பட்டவர் அரசிடம் மேல்முறையீடு செய்யலாம் என்கிறது. அதற்கு அது தரும் காலம், ஆணை கிடைத்த நாளிலிருந்து 10 நாள். உங்கள் கையில் முறையான ஆணை எதுவும் வரவில்லை. ஆணை வராதவரை 10 நாள் தொடங்கவே இல்லை என்று வாதிட இடம் இருக்கிறது. ஆனாலும் அந்த வாதத்தை நம்பி உட்காராதீர்கள். இணையதளத்தில் ஒரு வரி வந்த 3-ஆம் தேதியையே ஆணை கிடைத்த நாளாக வைத்துக்கொள்ளுங்கள். அந்த நாளைத் தள்ளிவிட்டு எண்ணினால் 13-ஆம் தேதியோடு முடிகிறது. அன்றைக்கு முன்பே உங்கள் மேல்முறையீடு தலைமைச் செயலகத்தில் பதிவாகி, தேதி முத்திரையோடு நகல் உங்கள் கைக்கு வந்திருக்க வேண்டும். பத்தாம் நாள் தாண்டிவிட்டால், உங்கள் வழக்கில் எவ்வளவு நியாயம் இருந்தாலும் முதல் அரைமணி நேரம் தாமதத்தைப் பற்றியே பேச்சு ஓடும்.

கிருஷ்ணகிரி கோர்ட் யோசனையை விட்டுவிடுங்கள். 2018-இல் தனிவகைத் தீர்வுச் சட்டத்தில் ஒரு திருத்தம் வந்தது. அதன்படி, சட்டத்தின் அட்டவணையில் உள்ள உட்கட்டமைப்புப் பணிகளைத் தாமதப்படுத்தும் வகையில் சிவில் நீதிமன்றம் தடையாணை தரக் கூடாது. சாலையும் அட்டவணையில் இருக்கிறது, குடிநீர், சுகாதார வேலைகளும் இருக்கின்றன. அந்த வழியில் போனால் காலமும் பணமும்தான் கரையும்.

ஐகோர்ட் கதவு மூடவில்லை. ஆனால் சட்டமே ஒரு மேல்முறையீட்டைத் தந்திருக்கும்போது அதைத் தொடாமல் நேரே ரிட் மனுவோடு (அரசு அமைப்பின் முடிவை எதிர்த்து ஐகோர்ட்டில் போடும் மனு) போனால், ‘முதலில் 11-ஆம் பிரிவில் போய் வாருங்கள்’ என்று திருப்பி அனுப்பும் வாய்ப்பே அதிகம். அதற்குள் பத்து நாள் ஓடிப்போயிருக்கும். டெண்டர் நிபந்தனையே ஒரு ஆளுக்காக எழுதப்பட்டது என்று நிபந்தனையை எதிர்ப்பவருக்குக் கணக்கு வேறு. அங்கே ஏற்பு ஆணை என்று ஒன்று இன்னும் பிறக்கவே இல்லை, ஆகவே ரிட்தான் வழி, அதுவும் கடைசித் தேதிக்கு முன்பே. உங்களுடையது ஆவணங்களை மதிப்பிடும்போது தள்ளப்பட்ட வழக்கு. உங்களுக்கு 11-ஆம் பிரிவுதான் முதல் படி.

இன்றே ஒரு கடிதம் நகராட்சி ஆணையருக்குப் போகட்டும். மின்னஞ்சலில் ஒன்று, ஒப்புகையோடு ஸ்பீடு போஸ்ட்டில் ஒன்று, நேரில் தபால் பிரிவில் முத்திரை வாங்கி ஒன்று. மூன்றும் வேண்டும், ஏனென்றால் ‘வரவில்லை’ என்ற பதிலுக்கு இடம் இருக்கக் கூடாது. வாசகம் இந்த அளவு போதும்:

‘மேற்படி டெண்டரில் எனது தொழில்நுட்பக் கவர் நிராகரிக்கப்பட்டதாக 3-ஆம் தேதி இணையதளத்தில் கண்டேன். எந்த நிபந்தனையை நான் பூர்த்தி செய்யவில்லை என்பது அதில் குறிப்பிடப்படவில்லை. காரணங்களுடன் கூடிய ஆணையையும், தொழில்நுட்ப மதிப்பீட்டு அறிக்கை மற்றும் ஒப்பீட்டுப் பட்டியலின் நகலையும், டெண்டர் கால அளவைக் குறைக்க அனுமதித்த ஆணை ஏதும் இருப்பின் அதன் நகலையும் வழங்குமாறு கேட்டுக்கொள்கிறேன். சட்டம் 11-ஆம் பிரிவின்படி மேல்முறையீடு செய்ய உள்ளேன். அது முடியும் வரை ஒப்பந்தம் கையெழுத்திடவோ வேலை உத்தரவு வழங்கவோ வேண்டாம் எனக் கோருகிறேன். எனது ஒப்பந்தப்புள்ளி தொடர்ந்து செல்லுபடியில் உள்ளது.’

கோபம், குற்றச்சாட்டு, யாருடைய பெயர், எதுவும் இதில் வேண்டாம். நாளை இந்தக் காகிதத்தை நீதிபதி படிப்பார் என்று நினைத்து எழுதுங்கள். தகவல் உரிமைச் சட்டத்தில் ஒரு மனுவும் போட்டு வைக்கலாம். ஆனால் அதில் பதில் தர 30 நாள் அவகாசம் உண்டு, உங்களுக்கு இருப்பது ஐந்து நாள். அது பிற்பாடு ஐகோர்ட்டில் உதவும், இப்போது உதவாது.

அடுத்து, கணினி முன் உட்காருங்கள். டெண்டர் அறிவிப்பு, முழு டெண்டர் ஆவணம், திருத்த அறிவிப்புகள், நீங்கள் பதிவேற்றியதற்கு வந்த ஒப்புகை, முன்வைப்புத் தொகை (டெண்டரோடு கட்டும் பிணைத்தொகை) கட்டிய ரசீது, நிராகரிப்பு தெரியும் பக்கம், விலைக் கவர் திறப்பு விவரம், எல்லாவற்றையும் தேதியும் நேரமும் தெரியும்படி பதிவிறக்கி அச்செடுங்கள். உங்கள் பதிவுக் கணக்கில் நுழைந்தால் மற்றவர்களின் தொழில்நுட்ப ஆவணங்களில் எவை திறக்கின்றனவோ அவற்றையும் உடனே இறக்கி வையுங்கள். இணையதளத்திலிருந்து வந்த குறுஞ்செய்தியையும் மின்னஞ்சலையும் அழிக்காதீர்கள். எந்த நிமிடத்தில் உங்களுக்குத் தெரிந்தது என்பதற்கு அவைதான் சாட்சி. நிறைய ஒப்பந்ததாரர்கள் டெண்டர் ஆவணத்தைக் கம்ப்யூட்டர் சென்டரிலேயே விட்டுவிட்டு, வழக்குக்கு வரும்போது கையில் இரண்டு பக்க அறிவிப்பை மட்டும் கொண்டுவருகிறார்கள். வழக்கின் உயிர் அந்த இரண்டு பக்கத்தில் இருக்காது. உள்ளே நாற்பதாவது ஐம்பதாவது பக்கத்தில் இருக்கும் ஒரு வாசகத்தில் இருக்கும்.

உங்கள் விஷயத்தில் அந்த வாசகம் எது? முன் அனுபவச் சான்றை யார் தர வேண்டும் என்று டெண்டர் ஆவணம் சொல்கிறது என்பதுதான். இதை நீங்கள் கடிதத்தில் எழுதவில்லை, உங்கள் பாதி வழக்கு இதில் இருக்கிறது. ஆவணம் ‘உரிய அலுவலர் வழங்கிய சான்று’ என்று மட்டும் சொல்லியிருந்தால் உங்கள் கை ஓங்குகிறது. ஆவணத்தில் இல்லாத ஒரு நிபந்தனையை மதிப்பீட்டின்போது புதிதாகச் சேர்த்துத் தள்ளியிருக்கிறார்கள் என்று ஆகும். சட்டத்தின் 10-ஆம் பிரிவு, டெண்டர் ஆவணத்தில் குறிப்பிட்ட முறைப்படியும் அளவுகோல்படியும்தான் மதிப்பிட வேண்டும் என்று கட்டளையிடுகிறது. உல்லாஸ்நகர் மாநகராட்சி சம்பந்தப்பட்ட மோனார்க் வழக்கில் 2000-ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றம் சொன்னதும் இந்த வழியில்தான்: ஆட்டம் தொடங்கிய பிறகு விதியை மாற்றக் கூடாது.

மாறாக, ‘செயற்பொறியாளர் நிலைக்குக் குறையாத அலுவலர் வழங்கிய சான்று’ என்று எழுதியிருந்தால், உண்மையைச் சொல்லிவிடுகிறேன், அந்த ஒரு காரணத்தை மட்டும் வைத்து நீங்கள் ஜெயிப்பது கடினம். ‘வேலை செய்தது உண்மைதானே, கையெழுத்து யாருடையதாக இருந்தால் என்ன’ என்று கேட்பீர்கள். நியாயமான கேள்விதான். இதற்குப் பலரும் 1991-இன் போத்தார் ஸ்டீல் தீர்ப்பைக் காட்டுவார்கள். அங்கே முன்வைப்புத் தொகையை ஸ்டேட் வங்கி டிராஃப்டாகக் கேட்டிருந்தார்கள், ஒருவர் யூனியன் வங்கி உறுதி செய்த காசோலையைக் கொடுத்தார், அது சின்னக் குறை, தளர்த்தியது சரிதான் என்றது உச்ச நீதிமன்றம். கவனியுங்கள்: அதிகாரி தளர்த்தினால் தப்பில்லை என்றுதான் அந்தத் தீர்ப்பு சொல்கிறது. தளர்த்தியே ஆக வேண்டும் என்று வற்புறுத்தும் உரிமையை அது உங்களுக்குத் தரவில்லை. 2016-இன் ஆஃப்கான்ஸ் தீர்ப்போ, டெண்டர் ஆவணத்தை எழுதியவரே அதன் பொருளை நன்றாக அறிந்தவர், அவர் கொண்ட பொருளில் கெட்ட எண்ணமோ விபரீதமோ இல்லையென்றால் நீதிமன்றம் தன் பொருளைத் திணிக்கக் கூடாது என்கிறது. அரசுத் தரப்பு வக்கீல் முதலில் எடுக்கும் தீர்ப்பு இதுவாகத்தான் இருக்கும்.

இப்போது போய் செயற்பொறியாளரிடம் மேலொப்பம் வாங்கிவந்து ‘இதோ குறை தீர்ந்தது’ என்று காட்டலாமா? கடைசித் தேதிக்குப் பிறகு வந்த ஆவணத்தைச் சேர்த்துக்கொள்ளச் சொல்ல முடியாது. ஆனால் வேறு ஒரு காரியத்துக்கு அது பயன்படும். வேலை நடந்தது, செய்த வேலையின் அளவைக் குறிக்கும் அளவுப் புத்தகத்தில் பதிவானது, இறுதி பில் பாஸானது என்பதில் யாருக்கும் தகராறு இல்லை என்று காட்டலாம். வேலை உத்தரவு, இறுதி பில் நகல், மேலொப்பம் மூன்றையும் அந்த நோக்கத்தோடு மட்டும், அந்த நோக்கத்தை எழுதியே இணையுங்கள். புதுச் சான்றைப் பழைய தேதியிட்டு வாங்கி வைக்கும் வேலையை மட்டும் கனவிலும் செய்யாதீர்கள். வழக்கு போவதோடு நிற்காது, குற்ற வழக்காகிவிடும்.

உங்கள் கடிதத்தில் எனக்கு மிகவும் கனமாகப் படுவது நீங்கள் போகிறபோக்கில் எழுதிய அந்த ஒரு வரிதான்: எல் 1 வைத்த சான்றிலும் அதே உதவி செயற்பொறியாளர் கையெழுத்து. இது நிஜமாக இருந்தால் பேச்சே மாறிவிடுகிறது. ஒரே நிபந்தனை, ஒரே குறை, ஒருவர் உள்ளே, ஒருவர் வெளியே. அதிகாரியின் பொருள்கொள்ளும் உரிமை, தளர்த்தும் உரிமை என்ற கவசமெல்லாம் இங்கே உதவாது. தளர்த்தினால் எல்லோருக்கும் தளர்த்த வேண்டும். 2024-இல் பன்ஷிதர் கன்ஸ்ட்ரக்‌ஷன் வழக்கில் கட்டாய ஆவணத்தை வைக்காத நிறுவனத்தைத் தகுதியுள்ளதாக்கி, வேறொரு குறைக்காக இன்னொரு நிறுவனத்தைத் தள்ளியிருந்தார்கள். உச்ச நீதிமன்றம் அந்த ஒப்பந்தத்தையே ரத்து செய்தது. டெண்டர் வழக்குகளில் கையை உள்ளே விட நீதிமன்றம் தயங்கும் இந்தக் காலத்தில் வந்த தீர்ப்பு என்பதால் அதற்கு எடை அதிகம்.

ஆகவே ‘கேள்விப்படுகிறேன்’ என்பதைக் காகித ஆதாரமாக மாற்றுவதுதான் இந்த ஐந்து நாளில் உங்கள் பெரிய வேலை. இணையதளத்தில் அவருடைய ஆவணம் திறந்தால் முடிந்தது. திறக்காவிட்டால், அந்தச் சான்று எந்த ஒன்றியத்தின் எந்த வேலைக்கானது, எந்தத் தேதி, யார் கொடுத்தது என்று தெரிந்த விவரத்தை மட்டும் எழுதி, ‘அவரது முதல் கவர் ஆவணங்களை வரவழைத்துப் பார்க்க வேண்டும்’ என்று மேல்முறையீட்டிலேயே கோருங்கள். உறுதியாகத் தெரியாததை ‘அறிகிறேன்’ என்றே எழுதுங்கள். பிரமாணத்தில் பொய்யென்று ஒரு வரி தெரிந்துவிட்டால் மீதி முப்பது வரி உண்மையும் கூடவே சாகும்.

விலையைப் பற்றி. நீங்கள் சொன்ன சதவீதப்படி உங்கள் விலை 1 கோடியே 52 லட்சத்து 28 ஆயிரம், அவருடையது 1 கோடியே 69 லட்சத்து 77 ஆயிரத்து 600. வித்தியாசம் 17 லட்சத்து 49 ஆயிரத்து 600 ரூபாய். மனது கொதிப்பது புரிகிறது, அது வரி கட்டும் ஊர் மக்களின் பணம். ஆனால் சட்டப்படி உங்கள் விலைக் கவர் இன்னும் திறக்கப்படவில்லை. முதல் கவரில் தள்ளியது தவறு என்று நிலைநாட்டும் வரை உங்கள் விலை என்று ஒன்று கிடையாது. ‘குறைந்த விலை’ என்று ஆரம்பிக்கும் மனுக்கள் இந்த இடத்தில்தான் சறுக்குகின்றன. முதல் கவரைப் பற்றி முதலில் பேசுங்கள், பொதுப்பணம் வீணாவதைப் பிறகு இரண்டு வரியில் சொல்லுங்கள்.

அந்த இரண்டு வரியிலும் உங்கள் சரியான சதவீதத்தை எழுத வேண்டாம். ‘மதிப்பீட்டைவிடக் குறைவாகவே குறிப்பிட்டுள்ளேன்’ என்பதோடு நிறுத்துங்கள். காரணம் இருக்கிறது. இந்த மாதிரி வழக்குகள் பெரும்பாலும் ‘உங்களுக்கே வேலை’ என்று முடிவதில்லை, எல்லாவற்றையும் ரத்து செய்து மறு டெண்டர் என்று முடிவதுண்டு. அப்போது உங்கள் விலை ஊருக்கே தெரிந்திருக்கும், மற்றவர்கள் அதற்கு ஒரு பைசா கீழே போடுவார்கள். எல் 1 மதிப்பீட்டைத் தாண்டியிருப்பதும் தனியாக உங்களுக்கு உரிமை எதையும் தராது. அவரிடம் பேசி விலையைக் குறைக்க 10-ஆம் பிரிவே நகராட்சிக்கு இடம் கொடுக்கிறது, அவர்கள் அதைச் செய்துவிட்டால் அந்த வாதம் தேய்ந்துவிடும்.

11 நாள் அவகாசம் என்பது உண்மையிலேயே குறை. இந்தச் சட்டத்தின் கீழ் வந்த 2000-ஆம் ஆண்டு விதிகளின்படி 2 கோடி ரூபாய் வரையிலான டெண்டருக்குக் குறைந்தது 15 நாள், அதற்கு மேல் 30 நாள் தர வேண்டும். குறைப்பதென்றால் டெண்டர் கோரும் அதிகாரிக்கு மேலுள்ள அதிகாரி, காரணத்தை எழுத்தில் பதிந்து அனுமதிக்க வேண்டும். அப்படி ஓர் அனுமதி கோப்பில் இருக்கிறதா என்று கேட்டு வாங்குங்கள். இருந்தால் இந்த வாதம் அத்தோடு தீர்ந்தது. இல்லையென்றாலும் இதை முதல் ஆயுதமாக எடுக்காதீர்கள். ‘11 நாளுக்குள் நீங்கள் போட்டுவிட்டீர்களே, அப்போது ஏன் பேசவில்லை? தோற்ற பிறகு ஏன் பேசுகிறீர்கள்?’ என்ற கேள்விக்கு உங்களிடம் பதில் இல்லை. இதே குறையை டெண்டர் போடுவதற்கு முன் கடிதமாகக் கொடுத்திருந்தால் அதன் பலமே வேறு. மேல்முறையீட்டில் கடைசிக் காரணமாக வைக்கலாம்.

மேல்முறையீட்டை நகராட்சி நிர்வாகம் மற்றும் குடிநீர் வழங்கல் துறையின் அரசுச் செயலாளர், தலைமைச் செயலகம், சென்னை 600009 என்ற முகவரிக்கு எழுதுங்கள். ஆணையர், நகராட்சி நிர்வாக இயக்குநர், எல் 1 ஒப்பந்ததாரர் மூவருக்கும் நகல். நாலைந்து பக்கத்துக்கு மேல் போக வேண்டாம். தேதி வரிசையில் நடந்தது, டெண்டர் ஆவணத்தின் சம்பந்தப்பட்ட வாசகம் அப்படியே, அது எந்தப் பக்கம் என்ற எண், உங்கள் ஆவணம் அதற்கு எப்படிப் பொருந்துகிறது, மற்றவருடையதும் அதே நிலையில் இருப்பது, காரணம் சொல்லாத ஆணை, பிறகு கோரிக்கை. கோரிக்கை ஒன்றோடு நிற்கக் கூடாது: நிராகரிப்பை ரத்து செய்து என் விலைக் கவரைத் திறக்க வேண்டும், அது முடியாதென்றால் இரு தரப்புச் சான்றுகளையும் ஒரே அளவுகோலில் மறுமதிப்பீடு செய்ய வேண்டும், அதுவரை ஒப்பந்தம் போடக் கூடாது, நேரில் விசாரிக்க வேண்டும். கடைசி இரண்டையும் தனி இடைக்கால மனுவாகவும் இணையுங்கள். மேல்முறையீடு போட்டதும் வேலை தானாக நின்றுவிடும் என்று எண்ண வேண்டாம். தபாலை மட்டும் நம்பாமல் ஒரு ஆளை நேரில் அனுப்பிப் பதிவு எண்ணோடு திரும்பச் சொல்லுங்கள். கிருஷ்ணகிரியிலிருந்து இரவு கிளம்பினால் காலையில் சென்னை, அந்த ஒரு நாள் அலைச்சலுக்கு ஈடான செலவு வேறில்லை.

‘ஆவணங்கள் திருப்தியாக இல்லை’ என்ற அந்த ஒற்றை வரி உங்களுக்கு ஒரு விதத்தில் சாதகம். ஓர் ஆணை அது சொன்ன காரணத்தாலேயே நிற்க வேண்டும் அல்லது விழ வேண்டும், பிற்பாடு பிரமாணப் பத்திரத்தில் புதுக் காரணம் சேர்த்து அதைத் தாங்கிப் பிடிக்க முடியாது என்பது 1977-இன் மொகிந்தர் சிங் கில் தீர்ப்பிலிருந்து வரும் நிலை. தள்ளப்பட்டவர்களின் காரணங்களையும் ஏற்கப்பட்டவர் பெயரோடு டெண்டர் புல்லட்டினுக்கு (டெண்டர் விவரங்களை வெளியிடும் அரசு இதழ்) அனுப்ப வேண்டும் என்று சட்டமே சொல்கிறது. கையெழுத்து விஷயத்தை ஆபீசில் வாயால்தான் சொன்னார்கள் என்றால், அதை நீங்களாக முந்திக்கொண்டு ஒப்புக்கொண்டு எழுதாதீர்கள். ‘காரணம் எழுத்தில் தரப்படவில்லை. நேரில் விசாரித்தபோது இவ்வாறு தெரிவிக்கப்பட்டது. அதுவே காரணமெனில்…’ என்று தொடங்கிப் பதில் சொல்லுங்கள்.

அரசு 15 நாளில் மேல்முறையீட்டை முடிக்க வேண்டும் என்று அதே பிரிவு சொல்கிறது. நடைமுறையில் அதற்குள் வேலை உத்தரவு கைமாறும் ஆபத்து இருக்கிறது. அப்போதுதான் ஐகோர்ட். தருமபுரி, கிருஷ்ணகிரி மாவட்டங்களும் வேலூர், திருப்பத்தூர்ப் பக்கமும் சென்னை முதன்மை அமர்வின் எல்லைதான், மதுரைக் கிளை இல்லை. இந்தக் கட்டத்தில் பெரிய கோரிக்கையோடு போகாதீர்கள். ‘நிலுவையில் உள்ள என் மேல்முறையீட்டைக் குறித்த நாளுக்குள் விசாரித்து முடிக்க உத்தரவிட வேண்டும், அதுவரை ஒப்பந்தம் கையெழுத்தாகக் கூடாது’ என்ற சிறிய கோரிக்கையே போதும். டெண்டரையே நிறுத்து என்றால் தயங்கும் நீதிமன்றம், சட்டம் தந்த மேல்முறையீடு பயனில்லாமல் போய்விடக் கூடாது என்ற கோரிக்கைக்குக் காது கொடுக்கும்.

பெரிய தடைக்கு ஏன் தயங்குகிறது என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள். 1994-இன் டாட்டா செல்லுலார் தீர்ப்பு முதல் நீதிமன்றம் பார்ப்பது, முடிவு எடுத்த விதத்தை. முடிவு சரியா என்று மறுபடி டெண்டர் கமிட்டி போல உட்கார்ந்து பார்க்காது. 2007-இன் ஜகதீஷ் மண்டல் தீர்ப்பு அதை இரண்டு கேள்வியாக்கியது: ஒருவருக்குச் சலுகை காட்டவோ கெட்ட எண்ணத்தோடோ எடுத்த முடிவா, அல்லது பொறுப்புள்ள எந்த அதிகாரியும் எடுக்க முடியாத அளவு தான்தோன்றித்தனமானதா? அடுத்தது, பொது நலன் பாதிக்கப்படுகிறதா? 2022-இல் ஜார்க்கண்ட் சாலைப் பணி ஒன்று பற்றிய என்.ஜி. புராஜெக்ட்ஸ் வழக்கில் இன்னும் கடுமை. தவறு இருந்தாலும் உட்கட்டமைப்பு வேலையை நிறுத்துவதைவிட, தள்ளப்பட்டவர் நஷ்ட ஈடு கேட்டுப் போகட்டும் என்ற அளவுக்கு அந்தத் தீர்ப்பு சொல்கிறது. நம் மாநில அரசின் ஹாலோகிராம் டெண்டர் பற்றிய 2021-இன் யுஃபிளெக்ஸ் வழக்கில், வழக்குத் தொடுத்தவர்கள் மீது செலவுத் தொகையே சுமத்தப்பட்டது. அதோடு உங்கள் வேலை வடிகால். ‘மழைக்கு முன் முடிக்காவிட்டால் தெருவில் தண்ணீர் நிற்கும், மார்ச் போனால் நிதி திரும்பிவிடும்’ என்று நகராட்சி சொல்லும். அதற்கு உங்களிடம் இருக்க வேண்டிய பதில், நான் ஒரு நாளும் தாமதிக்கவில்லை என்பதுதான். 3-ஆம் தேதி தெரிந்தது, 8-ஆம் தேதி கடிதம், 11-ஆம் தேதி மேல்முறையீடு என்ற வரிசை எந்த வக்கீலின் வாதத்தையும்விடப் பலமாக நிற்கும். கான்கிரீட் போட்டு அளவுப் புத்தகத்தில் ஏறிய பிறகு வந்தால் யாரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள்.

ரிட் மனுவில் எல் 1 ஒப்பந்ததாரரை எதிர்மனுதாரராகச் சேர்க்க மறக்காதீர்கள். அவர் இல்லாமல் அவர் ஒப்பந்தத்தைத் தொடும் உத்தரவு கிடைக்காது. அவரோ நகராட்சியோ கேவியட் (எங்களைக் கேட்காமல் உத்தரவு போடாதீர்கள் என்ற முன்மனு) போட்டிருக்கிறார்களா என்று வக்கீலை முதலில் பார்க்கச் சொல்லுங்கள். போட்டிருந்தால் நகல் கொடுத்த பிறகே மனு எடுபடும், அதில் ஒரு நாள் போகும். கவுன்சிலருக்குச் சொந்தக்காரர், தலைவருக்கு வேண்டியவர் என்ற பேச்செல்லாம், கையில் ஆதாரம் இல்லையென்றால் மனுவில் வேண்டாம். கெட்ட எண்ணம் என்று எழுதினால் யார், எப்போது, என்ன செய்தார் என்று எழுதி, அந்த நபரைப் பெயரோடு எதிர்மனுதாரராக்க வேண்டும். லஞ்ச ஒழிப்புத் துறைக்கோ முதல்வரின் முகவரிக்கோ புகார் அனுப்பலாம், ஆனால் அது பத்து நாள் கெடுவை நிறுத்தாது. மீதமிருந்த இரண்டு பேரும் ஒரே இடத்திலிருந்து டெண்டர் போட்டதற்கான தடயம், ஒரே வங்கியில் அடுத்தடுத்த எண்ணில் டிராஃப்ட், ஒரே எழுத்துப் பிழை போன்றவை கண்ணில் பட்டால் குறித்து வையுங்கள். கூட்டுச் சேர்ந்து விலை போடுவது போட்டிச் சட்டத்தில் தனிக் குற்றச்சாட்டு, தனிப் பாதை.

பலரும் கோட்டைவிடும் ஒரு விஷயம், உங்கள் ஒப்பந்தப்புள்ளியின் செல்லுபடிக் காலம். டெண்டர் ஆவணத்தில் எத்தனை நாள் என்று பாருங்கள். வழக்கு அதைத் தாண்டி இழுத்தால் உங்கள் விலையே உயிரோடு இருக்காது, ஜெயித்தாலும் திறக்கக் கவர் இருக்காது. முடிவதற்கு முன்பே ‘அதே விலையில் நீட்டிக்கிறேன்’ என்று ஆணையருக்கு எழுதிவிடுங்கள். முன்வைப்புத் தொகையைத் திருப்பிக் கேட்டு நீங்களாக மனுக் கொடுக்க வேண்டாம், ஆட்டத்திலிருந்து விலகிவிட்டீர்கள் என்று அதைக் காட்டுவார்கள். ஆன்லைனில் கட்டியது, நிராகரித்ததும் தானாகவே கணக்குக்குத் திரும்பியிருந்தால், ‘தானாக வரவு வைக்கப்பட்டுள்ளது, கேட்கும்போது மீண்டும் செலுத்தத் தயார்’ என்று அன்றே ஒரு கடிதம்.

நஷ்ட ஈடு வழி நீளமானது. லாபம் எவ்வளவு போயிற்று என்று சிவில் நீதிமன்றத்தில் நிரூபிக்க வேண்டும், மூன்று ஆண்டுக்குள் தொடுக்க வேண்டும். இணையதள அச்சுகளுக்கு 2023-இன் சாட்சியச் சட்டம் 63-ஆம் பிரிவின்படி மின்னணு ஆவணத்துக்கான சான்று வேண்டும். இந்த அளவு தொகைக்கு அதை நான் பரிந்துரைக்க மாட்டேன்.

வீட்டாரின் பயத்துக்கு. வழக்குப் போட்டதற்காக ஒருவரைக் கறுப்புப் பட்டியலில் சேர்க்க முடியாது. எந்தக் காரணத்துக்காகச் சேர்ப்பதானாலும் முன்னறிவிப்புக் கொடுத்து, குற்றச்சாட்டைச் சொல்லி, பதிலைக் கேட்ட பிறகே சேர்க்க வேண்டும். 1975-இன் எருசியன் தீர்ப்பும் 2014-இன் கூர்க்கா செக்யூரிட்டி தீர்ப்பும் இதைத் தெளிவாக்கியிருக்கின்றன. மேல்முறையீடு செய்ததால் முன்வைப்புத் தொகையும் பறிபோகாது. பில் பாஸாவதில் இழுத்தடிப்பார்களோ என்ற அச்சம் சட்டத்தால் முழுதாகத் தீராதுதான். அதனால் அந்த நகராட்சியில் உங்களுக்கு வர வேண்டிய பழைய பாக்கிகள், பிடித்து வைத்த வைப்புத் தொகை எல்லாவற்றுக்கும் இப்போதே ஒரு பட்டியல் எடுத்து, அளவுப் புத்தக எண்ணோடு தனிக் கடிதமாகக் கேட்டு வையுங்கள். டெண்டர் தகராறை அந்தக் கடிதத்தில் ஒரு வார்த்தைகூடக் குறிப்பிட வேண்டாம்.